‘இருக்கிறார்’ வரைக்கும்தான் கணக்கு

மெஷினில் படுத்திருக்கும் நோயாளி பேசிக்கொண்டிருந்தால் தடுக்காதீர்கள். டயாலிசிஸ் பிரிவில் எனக்குப் பின்னால் வந்த ஒவ்வொரு பெண்ணிடமும் முதல் நாளே இதைச் சொல்லியிருக்கிறேன். எனக்கும் ஒருவர் சொல்லித்தந்ததுதான். நான் சேர்ந்த புதிதில் அங்கே இருந்த மூத்த செவிலியர், அறைக்குள் நுழைந்ததும் திரைகளைப் பார்க்க மாட்டார். வாசலில் நின்று ஒரு நிமிடம் காது கொடுப்பார். "நாலு பேரு பேசுறாங்க, ஒருத்தர் பேசலை. பேசாதவர்கிட்ட போ" என்பார். போய்ப் பார்த்தால் அந்த ஆளுக்கு ரத்த அழுத்தம் சரிந்துகொண்டிருக்கும்.

அந்தப் பாடத்தை நான் பாதிதான் கற்றுக்கொண்டேன் என்பது எனக்குத் தெரிய வெகுகாலம் ஆனது. பேசுகிறார்களா என்று பார்த்தேனே தவிர, என்ன பேசுகிறார்கள் என்று கேட்கவில்லை. நீங்கள் இப்போது அந்தப் பிரிவுக்குப் போகப்போகிறீர்கள். நரம்பு பிடிப்பதையும் மெஷினைக் கழுவுவதையும் அங்கேயே பழகிக்கொள்வீர்கள். நான் சொல்லப்போவதை யாரும் உங்களுக்குச் சொல்லித்தர மாட்டார்கள்.

புதுக்கோட்டை மாவட்டத்தில் ஓர் அரசு மருத்துவமனை. ஐந்து மெஷின்கள். செவ்வாய், வியாழன், சனி காலை ஷிப்டில் ஒரே ஐந்து பேர்தான் வருவார்கள். வாரம் மூன்று நாள், நாளுக்கு நான்கு மணி நேரம். சொந்த அண்ணன் தம்பியைக்கூட நாம் இவ்வளவு நேரம் பார்ப்பதில்லை. அந்த ஐவரில் மூவரைப் பற்றித்தான் இது.

இரண்டாவது கட்டிலில் சூசை சார். ஆவூர்க்காரர். கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். எதையும் "ஆகவே" என்று முடிப்பவர். மூன்றாவது கட்டிலில் கலைச்செல்வன், சித்தன்னவாசல் பக்கத்து ஊர். முப்பத்தாறு வயது, ஒரே மகள். வளைகுடாவில் கிரேன் ஓட்டிக்கொண்டிருந்தவர். நான்காவது கட்டிலில் கமருன்னிசா அக்கா, கோட்டைப்பட்டினத்தில் மீன் ஏலம் எடுப்பவர். அங்கிருந்து விடியும் முன்பே பஸ் ஏறி வருவார்.

சாரும் கலைச்செல்வனும் பக்கத்துப் பக்கத்துக் கட்டில் என்பதால் பேச்சு தொடங்கியது. மருந்தில் தொடங்கி, சாப்பாட்டில் திரும்பி, ஒருநாள் கடவுளில் வந்து நின்றது. அதற்கப்புறம் மாதக்கணக்கில் அங்கிருந்து நகரவில்லை.

"இந்த மெஷின் எதால ஓடுது தம்பி?" என்று சார் ஆரம்பிப்பார்.

"கரண்டால."

"கரண்டு எங்கேருந்து வருது? சப்ஸ்டேஷன்ல இருந்து. அது வாங்குறது இன்னொரு இடத்துலேருந்து. எல்லாமே ஒண்ணுகிட்ட வாங்கி இன்னொண்ணுக்குக் குடுக்குறதுதான். அப்போ வாங்காமக் குடுக்குற ஒண்ணு எங்கயாவது இருந்தாகணும். ஆகவே..."

"அது ஏன் சார் கடவுளா இருக்கணும்? ஒலகம் எப்பவுமே இருந்துக்கிட்டே இருந்துச்சுன்னு வச்சுக்கங்களேன். எங்க மலையில கல்லுப் படுக்கை வெட்டிப் படுத்திருந்தாங்களே சமணச் சாமியாருங்க, அவுங்க படைச்சவன்னு ஒருத்தன் கெடையாதுன்னுதானே சொன்னாங்க. சோறு தண்ணிய விட்டு உசுரையே குடுத்தவங்க. அவுங்களுக்குத் தெரியாததா ஒங்களுக்குத் தெரிஞ்சுருச்சு?"

சார் கோபப்பட மாட்டார். சந்தோஷப்படுவார். முப்பது வருடம் கேள்வி கேட்காத வகுப்புகளைப் பார்த்தவருக்கு ஒரு நல்ல மாணவன் கிடைத்த மாதிரி.

"வயரு எவ்வளவு நீளமா இருந்தா என்ன? ஆரம்பமே இல்லாத நீளமாவே இருக்கட்டும். வயரு கரண்டை உண்டாக்காது தம்பி. எப்பவும் இருந்த ஒலகமும் அப்படித்தான்."

கலைச்செல்வன் அடுத்த முறை வந்தபோது வேறு பக்கமிருந்து வந்தார்.

"சார், நான் ஓட்டுன கிரேன்ல கேபின் ஏசி கெட்டுப்போச்சு. ரெண்டு கோடை அப்படியே ஓட்டுனேன். தண்ணி குடிச்சா ஒண்ணுக்குப் போகணும். போகணும்னா அம்பது அடி எறங்கணும். எறங்குனா சூப்பர்வைசர் கத்துவான். அதனால தண்ணியே குடிக்காம இருந்து பழகுனேன். கிட்னி போச்சு. இதை அங்கேருந்து பாத்துக்கிட்டுத்தான் இருந்தாரா ஒங்க ஆளு? தடுக்க முடியலையா, மனசு வரலையா? ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க."

சார் அன்று முழுக்க மேலே ஓடும் மின்விசிறியையே பார்த்துக்கொண்டு படுத்திருந்தார்.

எனக்கு இதெல்லாம் பிடித்திருந்தது. நான்கு மணி நேரம் போவது தெரியாமல் போகும். யாருக்கும் தலைசுற்றவில்லை என்பது பேச்சிலேயே தெரியும். மற்றவர்கள் கட்சி பிரிந்து கேட்பார்கள். கமருன்னிசா அக்கா மட்டும் எப்போதாவது, "அல்லாஹ்வ நம்பணும்யா, தராசுல வைக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டு முக்காட்டை இழுத்துக்கொள்வார்.

பிறகு ஒரு சனிக்கிழமை, எல்லோரும் மெஷினில் இருக்கும்போது கரண்டு போனது. ஜெனரேட்டர் உடனே எடுக்கவில்லை. மெஷினின் பேட்டரி கொஞ்ச நேரம்தான் தாங்கும். அது தீர்ந்தால் வெளியே குழாயில் நிற்கும் ரத்தம் உறைந்துவிடும். நானும் இன்னொரு செவிலியரும் ஓடி ஓடி, பம்பின் கைப்பிடியைப் பிடித்து ஒவ்வொருவருக்கும் கையால் சுற்றினோம். கலைச்செல்வனின் பம்பைச் சுற்றும்போது அவர் முகம் வெளுத்திருந்தது. அதே நேரத்தில், தன் பம்பை யாரும் சுற்றாத அந்த இடைவெளியில், சூசை சார் நிதானமாகப் பேசினார்.

"தம்பி, பாத்துக்க. காலையில வந்த கரண்டு இப்ப ஒன்னையத் தாங்கல. இந்த நொடி சிஸ்டர் கைதான் தாங்குது. அவங்க விட்டா அடுத்த நொடி இல்ல. நாம இருக்கிறதும் அப்படித்தான். என்னைக்கோ படைச்சுட்டுப் போயிட்டவரப் பத்தி நான் பேசல. இந்த நொடி ஒன்னையும் என்னையும் இல்லாமப் போயிறாமத் தாங்கிப் பிடிக்கிறவரு ஒருத்தர் இருக்காரு. அதத்தான் இத்தனை மாசமாச் சொல்றேன்."

ஜெனரேட்டர் எடுத்தது. விளக்குகள் வந்தன. கலைச்செல்வன் தலையைத் திருப்பி, "சரி சார். ஒத்துக்கிறேன்" என்றார்.

ஐந்தாம் கட்டில்காரர் கைதட்டினார். சாரின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! எனக்கும் சிரிப்பு வந்தது.

இப்போது என் தவறைச் சொல்கிறேன்.

அன்று ஊசியை எடுக்கப்போனபோது கலைச்செல்வன் மெதுவாக என்னிடம் கேட்டார். "சிஸ்டர், நீங்க என்ன நெனைக்கிறீங்க? சார் சொன்னது நெசந்தானா? அவருதான் தாங்குறாரா?" அந்த நேரம் ஐந்தாவது மெஷினில் அலாரம் அடித்துக்கொண்டிருந்தது. நான் அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டே, "சார் சொன்னாச் சரியாத்தான் இருக்கும்" என்று சொல்லிவிட்டுப் போனேன். அவ்வளவுதான். நான்கு வார்த்தை.

போகும்போது கமருன்னிசா அக்கா என் கையைப் பிடித்து நிறுத்தினார். "தங்கச்சி, அந்தத் தம்பி மொகத்தப் பாத்தியா? இத்தனை நாளு முட்டி மோதுன ஆளு இப்படிச் சட்டுன்னு அடங்குறது எனக்குச் சரியாப் படல. கடல்ல காத்து ஒரேயடியா விழுந்தா நாங்க சந்தோஷப்பட மாட்டோம். கரையத்தான் திரும்பிப் பாப்போம்."

"நீங்க ஒண்ணு அக்கா, அவரு நிம்மதியா இருக்காரு" என்றேன்.

செவ்வாய்க்கிழமை மூன்றாவது கட்டில் காலியாக இருந்தது. தொலைபேசியில் கூப்பிட்டேன், அணைத்து வைத்திருந்தார்கள். மகளுக்குக் காது குத்து வைத்திருப்பதாக எப்போதோ சொன்ன ஞாபகம். ஒருநாள் தவறினால் அடுத்த முறை கூடுதலாக நீர் எடுக்க வேண்டியிருக்கும் என்று மட்டும் நினைத்துக்கொண்டேன்.

வியாழக்கிழமையும் வரவில்லை. நோயாளிப் பதிவேட்டில் அவருடைய மனைவி பரமேஸ்வரியின் எண் இருந்தது. அந்தப் பெண் முதல் மணியிலேயே எடுத்தாள்.

"சிஸ்டர், அவரு வர மாட்டேங்கிறாரு. இனிமே மிசின் வேணாமாம். இம்புட்டு நாளும் மிசின்தான் தாங்குதுன்னு நெனச்சு ஏமாந்துட்டேன், தாங்குறவரு வேற, எனக்குத் தெரிஞ்சுபோச்சுங்கிறாரு. காலையில நானே நூத்தியெட்டுக்குப் போன் பண்ணி வரவச்சேன். சிரிச்சுக்கிட்டே பேசித் திருப்பி அனுப்பிட்டாரு. சிஸ்டர், அவரு மொகம் அவ்வளவு சந்தோஷமா இருக்கு. அதப் பாத்தாத்தான் எனக்குப் பயமா இருக்கு."

"படுத்துத் தூங்குறாரா?"

"இல்ல. ரெண்டு நாளா ஒக்காந்தேதான் இருக்காரு. படுத்தா மூச்சு முட்டுதாம்."

நுரையீரலில் நீர் ஏறிவிட்டது. ரத்தத்தில் பொட்டாசியம் எவ்வளவு ஏறியிருக்கும் என்று யோசிக்கவே பயமாக இருந்தது. அது ஏறினால் முன்கூட்டிச் சொல்லாது. பேசிக்கொண்டிருக்கும்போதே இதயத்தை நிறுத்திவிடும்.

டாக்டரிடம் ஓடினேன். "வலுக்கட்டாயமாத் தூக்கிட்டு வர முடியாதும்மா. அவரு நெனவோட இருக்காரு, வேணாங்கிறாரு. யாராவது பேசித்தான் கொண்டுவரணும். வந்தா உடனே போட ஒரு மெஷினத் தயாரா வைங்க" என்றார். அவர் சொன்னதில் தவறில்லை.

நான் பேசியதெல்லாம் சாரின் காதில் விழுந்திருக்கிறது. திரும்பி வந்தபோது அவர் கட்டிலில் எழுந்து உட்கார்ந்திருந்தார். மெஷினில் ஏறி ஒன்றரை மணி நேரம்தான் ஆகியிருந்தது.

"என்னைய எறக்கி விடுங்க சிஸ்டர்."

"இன்னும் ரெண்டரை மணி நேரம் இருக்கு சார்."

"அவன் ஒக்காந்துட்டு மூச்சு வாங்கிட்டிருக்கான். என் வாதத்தாலதான் ஒக்காந்திருக்கான். எறக்கி விடுங்க!"

உங்களுக்கும் இப்படி ஒரு நேரம் வரும். எது சரி என்று கேட்க யாரும் பக்கத்தில் இருக்க மாட்டார்கள். சாருக்கு இதயமும் பலவீனம். அன்று இரண்டு கிலோவுக்கு மேல் நீர் ஏறித்தான் வந்திருந்தார். பாதியில் இறக்கிக் கூட்டிக்கொண்டு போனால் வழியிலேயே அவருக்கு ஏதாவது ஆகலாம். இறக்காவிட்டால் இரண்டரை மணி நேரம். அந்த நேரத்துக்குள் கலைச்செல்வன் போய்விடலாம். சாருக்குப் பதிலாக வேறு யாரையாவது அனுப்பலாமா? யார் பேச்சை அவர் கேட்பார்? நான் தனியாகப் போகலாமா? அறையில் நான்கு பேர் மெஷினில் இருக்கிறார்கள்.

"ஒருத்தரக் காப்பாத்த இன்னொருத்தர நான் பாதியில எடுக்க மாட்டேன் சார். படுங்க. முடிஞ்ச உடனே ரெண்டு பேரும் போவோம்."

சொல்லிவிட்டேன். அது சரிதானா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. சரியாக முடிந்தது என்பது மட்டும் தெரியும். இரண்டும் ஒன்றில்லை என்பதை நினைவில் வையுங்கள்.

அந்த இரண்டரை மணி நேரத்தை எப்படிச் சொல்வது? அரைமணிக்கு ஒருமுறை பரமேஸ்வரிக்குப் போன் செய்தேன். பேசுகிறாரா, கால் மரத்துப்போகிறதென்கிறாரா, உதடு நீலமாகிறதா. மூன்றாவது கட்டிலின் மெஷினைத் தயார் செய்து வைத்தேன். சார் கண்ணை மூடிப் படுத்திருந்தார். உதடுகள் அசைந்துகொண்டிருந்தன. ஜெபம் செய்கிறார் என்று நினைத்தேன்.

"ஒரு வாதமும் வர மாட்டேங்குது சிஸ்டர்" என்றார் கண்ணைத் திறக்காமல். "எந்தப் பக்கம் போனாலும் நான் சொன்னதே குறுக்க நிக்குது."

ஊசியை எடுத்து, பஞ்சு வைத்து அழுத்தி, பிளாஸ்திரி ஒட்டி, சாரை எழுப்பினேன். வழக்கமாக அரைமணி நேரம் உட்கார வைப்போம். பத்து நிமிடம்தான் வைத்தேன். மற்றவர்களை உடன்பணி செவிலியர் பார்த்துக்கொண்டார். ஆவூரிலிருந்து சாரை அழைத்துவரும் வாடகைக் காரிலேயே இருவரும் கிளம்பினோம்.

கலைச்செல்வன் முன்னறையில் கட்டில் விளிம்பில் இரண்டு கையையும் ஊன்றி உட்கார்ந்திருந்தார். கால் இரண்டும் வீங்கியிருந்தன. நான்கு வார்த்தைக்கு ஒருமுறை மூச்சு வாங்கினார். எங்களைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது.

"வாங்க சார். வாங்க சிஸ்டர். நீங்க வருவீங்கன்னு... தெரியும்."

சார் அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். "ஆசுபத்திரிக்குப் போலாம் தம்பி."

"எதுக்கு சார்? நீங்கதானே சொன்னீங்க... ஒவ்வொரு நொடியும் அவரு தாங்குறாருன்னு. மிசின்ல இருந்தாலும் அவருதான்... இல்லாட்டியும் அவருதான். அப்புறம் எதுக்கு வாரத்துக்கு மூணு நாளு... நம்பாதவன் மாதிரி?"

"அவரு மிசினு வழியாத் தாங்கலாம்ல?"

"வழி இல்லாமத் தாங்க முடியாதா அவரால?"

முடியாது என்று சார் சொன்னால் அவருடைய கடவுளே இல்லை. முடியும் என்றால் இந்த ஆள் எழுந்திருக்க மாட்டார். நான் வாசலில் நின்று மறுபடி ஆம்புலன்சுக்குப் போன் செய்துகொண்டே பார்த்துக்கொண்டிருந்தேன். பரமேஸ்வரி சுவரில் சாய்ந்து நின்றாள். மகள் பள்ளிக்கூடம் போயிருந்தது.

"முடியும்" என்றார் சார் கடைசியில். "ஆனா செய்வாரான்னு எனக்குத் தெரியாது தம்பி. என் கணக்கு ‘இருக்கிறார்’ங்கிறது வரைக்குந்தான் போகுது. அவரு எப்படிப்பட்டவரு, என்ன செய்வாரு, ஒன்னையப் பாக்குறாரா, ஒன் கிட்னியப் பத்தி அவருக்குக் கவலை இருக்கா... அதுக்கெல்லாம் என்கிட்ட கணக்கு இல்ல. இருந்த மாதிரி பேசிட்டேன். ஜெயிச்ச சந்தோஷத்துல நீ எங்கிட்டு போறேன்னு பாக்கல."

"அப்போ அவரு... என்னையப் பாக்குறாருன்னு நீங்க நிரூபிக்கலையா?"

"இல்ல."

"நம்புறீங்களா?"

சார் கலைச்செல்வனின் வீங்கிய கால்களைப் பார்த்தார். "நேத்து வரைக்கும் நம்புனேன். இன்னைக்குக் காலையில ஒன் கட்டிலு காலியாக் கெடந்தப்போ தெரியல."

ஐந்து நாளாக அந்த மனிதரை வீட்டிலேயே உட்கார வைத்திருந்தது அந்த ஒரு நிச்சயம்தான். அதைப் பிடுங்கிவிட்டால் மனம் உடைந்து இன்னும் சீக்கிரம் போய்விடுவாரோ? கடவுள்தான் எங்களை அனுப்பினார் என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. சொன்னால் ஒருவேளை எழுந்துவந்திருப்பார். ஆனால் தெரியாததைத் தெரிந்த மாதிரி சொன்னதால்தானே இந்த வீட்டில் வந்து நிற்கிறேன்?

"கலை, என்னையப் பாருங்க" என்றேன். "அன்னைக்கு நீங்க என்கிட்ட கேட்டப்போ நான் யோசிக்காமச் சொன்னேன். எனக்குக் கடவுளப் பத்தித் தெரியாது. ஒங்க ஒடம்பப் பத்தித் தெரியும். இன்னைக்குப் பொழுது சாயுறதுக்குள்ள ஒங்க நெஞ்சு நிக்கலாம். இதுல எனக்குச் சந்தேகமில்ல."

அவர் என்னையும் பார்த்தார், சாரையும் பார்த்தார். முகத்திலிருந்த அந்தச் சந்தோஷம் கலைந்துவிட்டது. அந்த இடத்தில் என்ன வந்தது என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. எழுந்திருக்கவும் இல்லை.

சார் அவர் தோளைப் பிடித்து உலுக்கினார். "எந்திரிடா... எந்திரி..." அதுவரை யாரையும் அவர் ‘டா’ போட்டு நான் கேட்டதில்லை. அந்த உலுக்கலில் சாரின் கையில் ஒட்டியிருந்த பிளாஸ்திரி விட்டது. நீங்களும் ஒருநாள் பார்ப்பீர்கள், ஊசி போட்ட இடம் திறந்தால், டயாலிசிஸுக்காகப் பெரிதாக்கிய அந்த நரம்பு எப்படிப் பீறிடும் என்று. கட்டில் விரிப்பு, சாரின் வெள்ளை வேட்டி, கலைச்செல்வனின் முழங்கால், எல்லாம் சிவப்பு. பரமேஸ்வரி அலறினாள்.

நான் வாசலிலிருந்து உள்ளே பாய்வதற்குள் கலைச்செல்வன் சாரின் கையைப் பற்றிவிட்டார். வேட்டி நுனியைச் சுருட்டி வைத்துக் கட்டை விரலால் அழுத்தினார். இரண்டு வருடமாகத் தன் கையில் நாங்கள் அழுத்துவதைப் பார்த்தவர். சரியான இடம், சரியான அழுத்தம். ரத்தம் நின்றது.

நான் பக்கத்தில் போய் மண்டியிட்டேன். என் கையை வைத்து அவர் கையை விலக்கியிருக்க வேண்டும். அதுதான் என் வேலை. பத்து நிமிடம் அழுத்தினால் அடைந்துவிடும், புதுக் கட்டுப் போட்டால் முடிந்தது. என் பையில் பஞ்சும் பிளாஸ்திரியும் இருந்தன.

நான் கை வைக்கவில்லை.

"விடாதீங்க கலை. விட்டா மறுபடி பீச்சும். ஆசுபத்திரி போற வரைக்கும் விரலை எடுக்காதீங்க."

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். பிறகு எழுந்தார். மூச்சு வாங்கிக்கொண்டே, நானும் பரமேஸ்வரியும் தாங்க, சாரின் கையை விடாமல் நடந்தார். அதற்குள் ஆம்புலன்ஸ் வந்துவிட்டது. ஒரே வண்டியில் இருவரும் ஏறினார்கள். ஆக்சிஜன் முகமூடிக்குள் அவர் மூச்சு இரைந்துகொண்டிருந்தது. நான் அவருடைய நாடியைப் பிடித்துக்கொண்டே வந்தேன். வழியில் இரண்டு முறை அது தடுமாறியது. நடக்க வைத்தது தப்போ, அந்த நான்கு எட்டு எடுத்ததே அவரைக் கொன்றுவிடுமோ என்று மட்டும்தான் எனக்குள் ஓடிக்கொண்டிருந்தது.

ஈசிஜியைப் பார்த்த டாக்டர் ஊசி மருந்தை அவரே உடைத்துப் போட்டார். மெஷினில் ஏற்றினோம். முதல் ஒரு மணி நேரம் யாரும் அந்தக் கட்டிலை விட்டு நகரவில்லை. மாலையில் இதயத்துடிப்பின் அலைகள் திரையில் ஒழுங்காக விழத் தொடங்கின. சார் வராந்தாவில் ரத்தக்கறை வேட்டியோடு உட்கார்ந்திருந்தார். "பொழச்சுட்டாரு சார்" என்றேன். தலையை மட்டும் ஆட்டினார்.

அதற்கப்புறம் சில வாரங்கள் அறையில் பேச்சே இல்லை. எனக்கு அது பேச்சைவிடப் பயமாக இருந்தது. அடிக்கடி ஐந்து பேரின் ரத்த அழுத்தத்தையும் பார்த்துக்கொண்டே இருந்தேன். இருவரையும் வேறு வேறு ஷிப்டில் போட்டுவிடலாமா என்று டாக்டர் கேட்டார். யோசிக்க இரண்டு நாள் கேட்டு வாங்கினேன். பிறகு வேண்டாம் என்றேன். பிரித்தால் இருவரும் தனியாக அதையேதான் நினைத்துக்கொண்டிருப்பார்கள். ஒருவர் நினைப்பது மற்றவர் காதில் விழுவது நல்லது.

ஒருநாள் கலைச்செல்வன்தான் வாய் திறந்தார், என்னிடம். "சிஸ்டர், அன்னைக்கு நீங்களே அமுக்கியிருக்கலாமே. பையில எல்லாம் இருந்துச்சுல்ல?"

மாட்டிக்கொண்டேன். "இருந்துச்சு" என்றேன்.

"வேணும்னுதான் விட்டீங்க."

"ஆமா."

கோபப்படுவார் என்று நினைத்தேன். அவர் சார் பக்கம் திரும்பினார். "அப்போ சார், அவரும் இப்படித்தானோ? கையில எல்லாத்தையும் வச்சுக்கிட்டு, நாம புடிக்கணும்னு அவரு புடிக்காம இருக்காரோ?"

பழைய சூசை சாராக இருந்தால் துள்ளிக் குதித்து "ஆகவே" என்றிருப்பார். அவருடைய கட்சிக்குத் தானாக வந்து விழுந்த வாதம் அது. சார் கொஞ்ச நேரம் யோசித்தார்.

"கேக்க நல்லாத்தான் இருக்கு தம்பி. ஆனா பக்கத்துல புடிக்க ஆளே இல்லாமச் செத்துப்போனவன்கிட்ட போயி நாம இதச் சொல்ல முடியுமா? ஒன் கிரேன்ல ஒன் பக்கத்துல யாரு இருந்தா? இது பத்தாது. வேற யோசிப்போம்."

"வேற யோசிப்போம்" என்று கலைச்செல்வனும் சொன்னார். நான்காவது கட்டிலில் கமருன்னிசா அக்கா முக்காட்டுக்குள் சிரித்தார். அன்று முதல் மறுபடி பேச ஆரம்பித்தார்கள். இந்த முறை நான் கேட்டுக்கொண்டே வேலை செய்தேன். யாராவது ஜெயிக்கும் சாயல் தெரிந்தால் உடனே பக்கத்தில் போய் நின்றுகொள்வேன்.

நான் ஓய்வு பெறுவதற்குச் சில மாதங்கள் முன்பு ஒரு திங்கட்கிழமை சூசை சார் வீட்டில் காலமானார். இதயம்தான். காலைக் காப்பியைக் கையில் வாங்கியபடியே போய்விட்டார் என்று அவர் மனைவி சொன்னார்.

செவ்வாய்க்கிழமை காலை அந்தச் செய்தியைக் கலைச்செல்வனிடம் நான்தான் சொல்ல வேண்டும். மெஷினில் ஏற்றுவதற்கு முன்பா, பின்பா? முன்பு சொன்னால் எழுந்துபோய்விடுவாரோ. பின்பு சொன்னால் ரத்த அழுத்தம் என்னாகுமோ. மறைத்துவிட்டு வெளியிலிருந்து தெரிந்தால் என்னை மறுபடி நம்புவாரா. முந்தைய இரவு முழுக்கத் தூக்கமில்லை. கடைசியில் வாசலிலேயே நிறுத்திச் சொல்லிவிட்டேன்.

அவர் காலியாக இருந்த இரண்டாவது கட்டிலைப் பார்த்துக்கொண்டு நின்றார். நான் அவர் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தேன், எந்தப் பக்கம் திரும்பும் என்று. திரும்பவில்லை. நேராகப் போய்த் தன் கட்டிலில் படுத்துக் கையை நீட்டினார். நான்கு மணி நேரமும் ஒரு வார்த்தை பேசவில்லை. நான் பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன்.

ஊசியை எடுத்துக் கட்டுப் போட்டதும் எழுந்து உட்கார்ந்தார். அடக்கம் சாயங்காலம், ஆவூர் மாதா கோயிலில். நேராக அங்கேதான் போவதாகச் சொன்னார்.

"சாருக்கு இந்நேரம் தெரிஞ்சிருக்கும் சிஸ்டர். இல்லாட்டி தெரிஞ்சுக்க ஒண்ணுமே இருந்திருக்காது. எப்படிப் பாத்தாலும் அவருக்குச் சந்தேகம் தீந்துபோச்சு. நமக்குத்தான் தீரல."

செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டார். கட்டுப் போட்ட கையை மறு கையால் தாங்கிப் பிடித்தபடி கதவு வரை போய் நின்று திரும்பினார்.

"வியாழக்கிழமை வாரேன்" என்றார்.